கள்ளுவண்டியைப் படம் எடுக்கிறேன்: எல்லைப்பக்கத்து ஆவணப்படக்காரர்கள் வாருங்கள், பேசுவோம்

சித்தூர்ப்புழை எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். பாலக்காடு மாவட்டம் சித்தூர் தாலுகா, கொழிஞ்சாம்பாறைப் பக்கம் என் ஊர். கல்யாண வீடியோ எடுப்பது தொழில், அதில் மிச்சமாகிற காசிலும் நேரத்திலும் ஆவணப்படம். கம்பெனி, ஸ்பான்சர் எதுவும் கிடையாது. கேமரா என்னுடையது, ஒலிக்கு மட்டும் ஒரு நண்பர் கூட வருவார்.

இப்போது எடுத்துக்கொண்டிருப்பது கள்ளைப் பற்றி. குடிக்கிறவர்கள் இந்தப் படத்தில் வரவே மாட்டார்கள். விடியுமுன் மரத்தில் இருந்து கள் இறங்கி, கேனில் நிறைந்து, பர்மிட் போட்டு வண்டியேறி, திருச்சூர், எறணாகுளம் பக்கத்துக் கடைகளுக்குப் போய்ச் சேர்கிறதே, அந்த அரை நாள்தான் படம். கேரளத்துக் கள்ளுக்கடைகளுக்குப் போகிற தென்னங்கள்ளில் பெரும்பங்கு எங்கள் தாலுகாத் தோப்புகளில் இருந்துதான் போகிறது. அதற்கு உழைக்கிறவர்களில் எத்தனையோ பேர் வீட்டில் தமிழ் பேசுகிறவர்கள். இதைப் பற்றி யாராவது ஒரு மணி நேரம் உட்கார்ந்து பார்க்கிற மாதிரி படம் எடுத்திருக்கிறார்களா என்று தேடினேன், எனக்குக் கிடைக்கவில்லை.

எல்லை என்றால் டிவிக்காரர்கள் வருவது மூன்று காரணத்துக்குத்தான். முல்லைப்பெரியாறு சூடுபிடித்தால் வருவார்கள், கோழிக்காய்ச்சல் என்று சோதனைச்சாவடியில் லாரியை நிறுத்தினால் வருவார்கள், தேர்தல் வந்தால் வருவார்கள். மற்ற நாளில் நாங்கள் இருக்கிறோமா என்றே தெரியாது. ஆனால் எங்கள் ஊரில் ஒரு தோப்பில் நின்று கிழக்கே பார்த்தால் தெரிகிற அடுத்த தோப்பு தமிழ்நாடு. மண் ஒன்று, மரம் ஒன்று, ஏறுகிற ஆளும் சில சமயம் ஒரே குடும்பம். இந்தப்பக்கம் மரத்துக்கு நம்பர் போட்டு, மரவரி கட்டி, லைசென்சோடு கள் இறக்கலாம். அந்தப்பக்கம், புளிக்காமல் இருக்கக் கலயத்தின் உள்ளே சுண்ணாம்பு தடவிப் பதநீராக இறக்கலாம், சுண்ணாம்பு இல்லாமல் இறக்கினால் வழக்கு. 1987 ஜனவரியில் இருந்து தமிழ்நாட்டில் கள்ளுக்குத் தடை. ஒரு விரல் சுண்ணாம்பு இருக்கிறதா இல்லையா என்பதில் ஒருவர் தொழிலாளியா குற்றவாளியா என்று முடிவாகிறது. இதைவிடப் பெரிய கதை எனக்கு இந்த வட்டாரத்தில் தெரியவில்லை.

நான் கேட்பது இதுதான். கேரள எல்லையோ ஆந்திர எல்லையோ, இப்படி யாரும் தொடாத விஷயத்தைப் படம் எடுக்கிறவர்கள், எடுக்க நினைக்கிறவர்கள், எடுத்துப் பாதியில் விட்டவர்கள் இருந்தால் எழுதுங்கள். பணம் எப்படிப் புரட்டுகிறீர்கள், யாருக்குப் போட்டுக் காட்டுகிறீர்கள், எல்லாம் பேசலாம்.

---

ஆரியங்காவு மழை எழுதியது:

அண்ணா, செங்கோட்டையில் இருந்து எழுதுகிறேன். ரொம்ப நாளாக மனதில் கிடக்கிற விஷயத்தை நீங்கள் கிளறிவிட்டீர்கள்.

நான் எடுக்க ஆசைப்படுவது லாட்டரி. கேரளா 1967-ல் லாட்டரித் துறை தொடங்கியது, முதல் குலுக்கல் 1968 குடியரசு தினத்தில், சீட்டு 1 ரூபாய், பரிசு 50,000 ரூபாய். தமிழ்நாட்டில் 2003-ல் தடை போட்டார்கள். அன்றில் இருந்து எல்லையில் புளியரை தாண்டினால் கேரளத்து ஆரியங்காவுப் பக்கம் ரோட்டோரம் வரிசையாக லாட்டரி மேசைகள். வாங்க வருகிறவர்களில் எங்கள் ஊர்க்காரர்கள், கடையநல்லூர், சங்கரன்கோவில் ஆட்கள் எல்லாரும் உண்டு. மேசையில் உட்கார்ந்திருக்கிறவர்களில் பலர் கால் முடியாதவர்கள், வயதானவர்கள். மத்தியானம் 3 மணிக் குலுக்கல் நெருங்க நெருங்க அந்த ரோட்டின் முகமே மாறும், அதை நேரில் பார்த்தால்தான் புரியும்.

2023 ஓணம் பம்பர் 25 கோடி நினைவிருக்கிறதா? கேரள எல்லை வாளையாறில் விற்ற சீட்டு, திருப்பூர்ப் பக்கத்து நண்பர்கள் சேர்ந்து வாங்கியது. அப்போது எல்லா சேனலும் வாளையாறில்தான் நின்றது. விழுந்தவனைத் தேடி வந்தார்கள். தினமும் வந்து, விழாமல், பஸ் ஏறித் திரும்பிப் போகிறவனைத் தேடி ஒருத்தரும் வரவில்லை. எனக்கு அவர்தான் வேண்டும்.

என் சிக்கல் என்னவென்றால் முகம். மனைவிக்குத் தெரியாமல் வந்து வாங்குகிறவர் இருக்கிறார், கடன்காரனுக்குத் தெரியாமல் வருகிறவர் இருக்கிறார். கேமராவைப் பார்த்தாலே துண்டை எடுத்து முகத்தில் போட்டுக்கொள்கிறார்கள். முகம் இல்லாமல் படம் எடுத்தால் யார் பார்ப்பார்கள்? மங்கலாக்கிப் போட்டால் போலீஸ் செய்தி மாதிரி ஆகிவிடும், குற்றவாளி ஆக்கிவிடுவேன். என்ன செய்வது?

---

வேலந்தாவளம் வாத்தியார் எழுதியது:

தம்பிகளுக்கு வணக்கம். பணி ஓய்வு பெற்ற தமிழ் ஆசிரியன், இந்தத் தாலுகாவில் தமிழ்வழிப் பள்ளியில் வேலை பார்த்தவன்.

சித்தூர்த் தம்பிக்கு ஒரு கேள்வி. கோபித்துக்கொள்ள வேண்டாம். எங்கள் பிள்ளைகளில் பலருடைய அப்பன்மார் குடித்துக் கெட்டதை வகுப்பறையில் இருந்தே பார்த்திருக்கிறேன். காலையில் சாப்பிடாமல் வருகிற பிள்ளையைக் கேட்டால் பாதி நேரம் பதில் அதுவாகத்தான் இருக்கும். கள்ளை இறக்குகிறவனின் உழைப்பை அழகாகக் காட்டினால் கள்ளையும் அழகாகக் காட்டியதாகாதா? இரண்டாவது, கலப்படம். இங்கே எல்லோருக்கும் தெரியும், தோப்பில் இறங்குகிற கள்ளைவிடக் கடைகளில் விற்கிற கள் அதிகம் என்ற பேச்சு காலங்காலமாக உண்டு. ஸ்பிரிட் பிடிபட்ட செய்தியும் பத்திரிகையில் வராமல் இல்லை. அதைத் தொடாமல் ஒருவர் இங்கே கள்ளுப்படம் எடுத்தால் பாதி உண்மையை விட்டுவிட்டார் என்றுதான் நான் சொல்வேன்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். சித்தூர் பழைய கொச்சி ராஜ்யத்தைச் சேர்ந்தது, பாலக்காடு மலபார் மாவட்டமாக மதராஸோடு இருந்தது. 1956-ல் கோடு போட்டபோது நாம் மேற்கே போனோம், செங்கோட்டை கிழக்கே வந்தது. நம் பிள்ளைகளுக்கு இது பாடத்தில் கிடையாது. உங்கள் படத்தில் இதற்கு ஒரு நிமிடமாவது இடம் வேண்டும்.

---

சித்தூர்ப்புழை எழுதியது:

சார், கோபம் எதற்கு, நீங்கள் கேட்காவிட்டால் யார் கேட்பது.

கலப்படத்தைப் பற்றி நிறைய யோசித்துவிட்டுத்தான் இதைச் சொல்கிறேன். மரமேறுகிறவர் இறக்குவது நூறு சதவீதம் கள். அவருக்கு லிட்டர் கணக்கில் கூலி. அதற்குமேல் வழியில் என்ன சேர்கிறது என்பது அவர் கையில் இல்லை. ஆனால் ஒவ்வொரு தடவை ஸ்பிரிட் பிடிபடும்போதும் டிவியில் ஓடுகிற காட்சி எது? தென்னையில் ஏறுகிற ஒருவரின் முதுகு. கோப்புக் காட்சி என்று போட்டு அந்த மனிதரின் முதுகையே வருஷக்கணக்காக ஓட்டுகிறார்கள். கலப்படத்தைத் துப்பறிகிற படத்தை யாராவது எடுக்கட்டும், அது வேண்டும். நான் எடுப்பது அந்த முதுகுக்குச் சொந்தக்காரரின் படம். கலப்படம் பற்றி அவரே பேசுகிறார், கோபமாகவே பேசுகிறார், அது படத்தில் இருக்கிறது. அவர் பேசுகிற அளவுக்குத்தான் நானும் பேசுவேன்.

குடியைப் பற்றி நீங்கள் சொன்னது என்னைத் தைக்கிறது. அதை ஒதுக்கமாட்டேன். மரமேறியின் வீட்டுக்குள்ளேயே அந்தக் கேள்வி இருக்கிறது, குடிக்காத மரமேறிகளும் இருக்கிறார்கள்.

கிட்டத்தில் இருந்து பார்த்ததைச் சொல்கிறேன். இருட்டில் தோப்புக்குள் போனால் ஆள் தெரியமாட்டார், சத்தம்தான் முதலில் வரும். டக் டக் டக் என்று பாளையைச் சுற்றிச் சுற்றித் தட்டுகிற சத்தம். ஒரு மரத்தில் நின்று அடுத்த மரத்தில் தொடங்கும், நடுவில் காய்ந்த மட்டையில் கால் உரசுவது கேட்கும். விரியாத பாளையை இறுக்கிக் கட்டி, நாள்தோறும் தட்டித் தட்டிப் பதப்படுத்தி, நுனியைச் சீவிக்கொண்டே வந்தால்தான் சில வாரம் கழித்துச் சொட்டத் தொடங்கும். மேலே உட்கார்ந்து கலயத்தை அவிழ்த்துக் குடுவையில் சாய்க்கிறார், உள்ளே விழுந்த தேனீயை விரலால் எடுத்துப் போடுகிறார், கத்தியை எடுத்து நுனியில் ஒரு சீவல். காகிதத்தைவிடக் கொஞ்சம் தடிமன், அவ்வளவுதான் இருக்கும். கூடச் சீவினால் பாளை சீக்கிரம் தீர்ந்துவிடும், குறைத்துச் சீவினால் வாய் அடைத்துக்கொள்ளும். அந்த அளவு அவர் கைக்குத் தெரியும், கேட்டால் சொல்லத் தெரியவில்லை. இதை எடுத்துப் போட்டுவிட்டு நான் மேலே ஒரு வார்த்தை வியாக்கியானம் பேசினால் படம் கெட்டுவிடும் என்று நினைக்கிறேன்.

அப்புறம், கள்ளுக்கு நேரம் உண்டு. கலயத்தில் விழுந்த நிமிஷத்தில் இருந்தே நொதிக்கத் தொடங்கிவிடும். காலையில் இனிப்பு, சாயங்காலம் புளிப்பு, மறுநாளைக்கு வைத்தால் காடி. அதனால்தான் வண்டி நிற்க முடியாது. சோதனைக்கு நிறுத்தினாலும் டிரைவர் கையில் கடிகாரத்தைத்தான் பார்க்கிறார். படத்தின் ஓட்டத்தை நான் தனியாகக் கட்ட வேண்டியதில்லை, கள்ளே கட்டிக்கொடுக்கிறது.

செங்கோட்டைத் தம்பிக்கு: முகம் வேண்டாம் என்று முதலிலேயே முடிவெடுத்துவிடு. மங்கலாக்குவது வேறு, முகத்துக்குக் கேமராவைத் திருப்பாமலே இருப்பது வேறு. சீட்டை விரலால் தடவி நம்பர் பார்க்கிற கையை எடு. மேசைக்காரர்கள் சம்மதித்தால் அவர்கள் முகம் போதும், வாங்குகிறவர் குரல் மட்டும் வரட்டும். குரலையும் அடையாளம் கண்டுவிடுவார்கள் என்றால் அதையும் விட்டுவிடு, அவர் சொன்னதை மேசைக்காரர் சொல்லட்டும். படத்தில் ஒருவர் வீடு உடைந்தால் அந்தப் படம் நமக்கு எதற்கு?

---

பெருமாட்டி எழுதியது:

நான் பெருமாட்டிப் பஞ்சாயத்து. பிளாச்சிமடைக்குப் பக்கம். படம் எடுக்கிறவள் அல்ல, படம் எடுக்கப்பட்ட ஊரில் இருப்பவள், அந்த இடத்தில் இருந்து இரண்டு வார்த்தை.

2002 ஏப்ரலில், நிலத்தடி நீரை உறிஞ்சிய கோக்கோகோலா கம்பெனிக்கு எதிரே போராட்டப் பந்தல் போட்டு உட்கார்ந்தபோது நான் சின்னப் பெண். 2004-ல் கம்பெனி மூடியது. இடையில் எத்தனை கேமரா வந்தது என்று எண்ணிச் சொல்ல முடியாது. வெளிநாட்டுக்காரர்கள்கூட வந்தார்கள். சிலர் வந்ததும் சொன்னது, "அக்கா, குடத்தை எடுத்துக்கொண்டு மறுபடி ஒரு தடவை நடங்க." தண்ணீர் இல்லாமல் மைல் கணக்கில் நடந்து வந்த பெண்ணை, வெளிச்சம் சரியில்லை என்று வெறும் குடத்தோடு திரும்ப நடக்கவிட்டார்கள். இன்றைக்கும் எங்கள் வீட்டில் கேமரா என்றால் அம்மா முகம் மாறிவிடும்.

அதே நேரம் சி. சரத்சந்திரன் மாதிரியும் ஒருவர் வந்தார். அவரும் பாபுராஜும் சேர்ந்து அந்தப் போராட்டத்தைக் கூடவே இருந்து படமாக்கினார்கள். அவர் படம் எடுப்பதோடு நிற்காமல் புரொஜெக்டரையும் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போட்டுக் காட்டியவர். 2010-ல் ரயிலில் இருந்து விழுந்து இறந்துபோனார். மயிலம்மா அதற்கு முன்பே, 2007-ல் போய்விட்டார். எரவாளர் பழங்குடியில் பிறந்து, பள்ளிக்கூடம் போகாத பெண், உலகம் முழுக்கப் பேர் தெரிந்த போராளி. எங்கள் பேச்சு தமிழும் மலையாளமும் கலந்த பேச்சு. அதைத் திருத்திச் சுத்தமாக்காமல் படத்தில் அப்படியே வைத்தால்தான் அது நாங்கள்.

சித்தூர்த் தம்பி, உன் படத்தில் பெண்கள் எங்கே? நீ எழுதியதை இரண்டு தடவை படித்தேன், ஒரு பெண்ணும் இல்லை. மரமேறி விடியுமுன் கிளம்ப அவருக்கு முன்னால் எழுந்தவள் யார்? கலயம் கழுவுவது யார்? மரத்தில் இருந்து விழுந்து இடுப்புக்குக் கீழே உணர்வில்லாமல் கிடப்பவரை வருஷக்கணக்காகப் பார்த்துக்கொள்கிறவர்கள் எங்கள் தெருவிலேயே இருக்கிறார்கள். கள்ளுத் தொழிலாளர் நலநிதிச் சட்டம் 1969-லேயே வந்தது. அதில் இருந்து கிடைக்க வேண்டியதைக் கேட்டு ஆபீஸ் ஏறி இறங்குவதும் அந்தப் பெண்கள்தான். படத்தைத் தோப்பில் தொடங்காதே, அடுப்படியில் தொடங்கு.

---

சித்தூர்ப்புழை எழுதியது:

அக்கா, நீங்கள் சொன்னதில் எனக்கு மறுபேச்சு இல்லை. விழுந்தவர் வீடு ஒன்றுக்குப் போய்வந்துகொண்டுதான் இருக்கிறேன், கேமரா இல்லாமல். அந்த அக்கா ஒரு நோட்டு வைத்திருக்கிறார். எந்த ஆபீஸ், எந்தத் தேதி, யார் என்ன சொன்னார்கள் எல்லாம் அதில் எழுதி வைத்திருக்கிறார். "இதைப் படம் பிடி, என்னைப் பிறகு பார்க்கலாம்" என்றார். அந்த நோட்டுதான் படத்தின் இரண்டாவது பாதி ஆகும் போல இருக்கிறது. அடுப்படியில் தொடங்குவது பற்றி எடிட்டில் பார்க்கிறேன். அந்தப் பாளைச் சத்தத்தை முதலில் வைக்காமல் விட எனக்கு மனம் வரவில்லை, ஆனால் அது அவர் வீட்டு வாசலில் இருந்து கேட்கிற சத்தமாக இருக்கலாமே.

---

நகரித் தறி எழுதியது:

அண்ணன்மார்களுக்கு நமஸ்காரம். ஆந்திராப் பக்கம் நகரி. வீட்டில் தமிழ், பள்ளிக்கூடத்தில் தெலுங்கு, தறியில் இரண்டும். 1960-ல் திருத்தணி மதராஸுக்குப் போனது, நாங்கள் இந்தப்பக்கமே நின்றுவிட்டோம்.

எங்கள் பக்கம் படத்துக்கு விஷயம் கொட்டிக் கிடக்கிறது, எடுக்க ஆள் இல்லை. புத்தூர்க் கட்டு தெரியுமா? எலும்பு முறிவுக்கு நாட்டுக் கட்டு. பச்சிலை அரைத்து, முட்டை வெள்ளைக்கரு தடவி, மூங்கில் பத்தை வைத்துத் துணி சுற்றிக் கட்டுவார்கள். சென்னையில் இருந்து, பெங்களூரில் இருந்து எக்ஸ்ரேயோடு வந்து வரிசையில் உட்கார்ந்திருப்பார்கள். என் தம்பிக்கு அங்கேதான் கட்டினோம், சேர்ந்தது. பக்கத்து வீட்டுக்காரருக்கு அங்கே கட்டி, கோணலாகச் சேர்ந்து, பிறகு ஆஸ்பத்திரியில் ஆபரேஷன். இந்த இரண்டும் ஒரே படத்தில் வர வேண்டும் என்பது என் ஆசை. வைத்தியத்தைத் தூக்கிப் பிடித்தாலும் பொய், மூடநம்பிக்கை என்று அடித்தாலும் பொய்.

அதைவிட எனக்குப் பெரியது பாரதக் கூத்து. திரௌபதி அம்மன் கோவில்களில் பகலில் பாரதம் படிப்பார்கள், இரவில் கூத்து. அர்ஜுனன் தபசு அன்றைக்கு வேஷக்காரர் உயர்ந்த கம்பத்தில் பாடிக்கொண்டே ஏறுவார், கீழே பிள்ளை வரம் கேட்டுப் பெண்கள் ஈரப்புடவையோடு படுத்திருப்பார்கள். கடைசி நாள் துரியோதனனை மண்ணில் மலையாகப் படுக்கவைத்துச் செய்து, படுகளம், அப்புறம் தீமிதி. ஒரே மேடையில் தமிழில் ஒரு பாட்டு, தெலுங்கில் ஒரு பாட்டு. யூடியூபில் போனால் கம்பம் ஏறுகிற ஐந்து நிமிஷம் நூறு வீடியோ கிடைக்கும். விடியற்காலை 4 மணிக்கு வேஷம் கலைக்காமல் சாய்ந்து உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டு, அடுத்த ஊர்க் கணக்குப் பேசுகிற கூத்து வாத்தியாரை ஒருத்தரும் எடுத்ததில்லை.

எங்கள் ஊர் செம்மரத்தைப் பற்றியும் சொல்லாமல் இருக்க முடியாது. 2015 ஏப்ரல் 7, சேஷாசலம் காட்டில் மரம் வெட்டப் போனவர்கள் என்று தமிழ்நாட்டுக் கூலிகள் 20 பேரை ஆந்திரப் போலீஸ் சுட்டுக் கொன்றது. செய்தியாக எல்லாம் வந்தது. அவர்களுடைய மலைக்கிராமங்களில் பிறகு யார் போய் உட்கார்ந்தார்கள்? எனக்குத் தைரியமும் இல்லை, பணமும் இல்லை. செல்போனும் தறியும்தான் இருக்கிறது. செல்போனில் எடுத்தால் அதை ஆவணப்படம் என்று ஒத்துக்கொள்வார்களா?

---

ஒலிக்கம்பி எழுதியது:

கோயம்புத்தூரில் இருந்து ஒலிப்பதிவுக்காரன். நகரி நண்பருக்கு நேராகப் பதில்: ஒத்துக்கொள்வார்கள். படம் சுமாராக இருந்தால் ஜனங்கள் பொறுத்துக்கொள்வார்கள், ஒலி சுமாராக இருந்தால் எழுந்து போய்விடுவார்கள். உங்கள் காசை எல்லாம் ஒரு சின்ன ரெக்கார்டரிலும் காலர் மைக்கிலும் போடுங்கள், படத்தைப் போனிலேயே எடுங்கள். கூத்தை எடுக்கும்போது மேடை ஒலிபெருக்கியில் இருந்து மட்டும் ஒலி எடுக்காதீர்கள், ஆர்மோனியக்காரர் பக்கத்தில் ரெக்கார்டரை வைத்துவிடுங்கள். காற்றுக்கு மைக்கில் பஞ்சுத் தொப்பி கட்டாயம். பாலக்காட்டுக் கணவாய்க் காற்றைப் பற்றிச் சித்தூர்க்காரருக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

மரமேறுகிறவர் விஷயத்தில் ஒன்று மட்டும் கண்டிப்பாகச் சொல்வேன். அவர் தலையில் கேமரா கட்டாதீர்கள், மைக் ஒயர் வெளியே தொங்கவிடாதீர்கள், அவர் மேலே இருக்கும்போது கீழே இருந்து கேள்வி கேட்காதீர்கள். அவர் கவனம் ஒரு நொடி நம் பக்கம் திரும்பினால் போதும். மேலே இருந்து தோப்பு தெரிகிற காட்சி வேண்டும் என்றால் அவர் வர்ணிக்கட்டும், கீழே வந்து உட்கார்ந்து. டிரோன் வேண்டாம் என்பது என் கருத்து. அந்தச் சத்தம் உங்கள் பாளைச் சத்தத்தைத் தின்றுவிடும், எல்லாத் தோப்பும் மேலே இருந்து ஒன்று போலத்தான் இருக்கும்.

---

தேன்பெட்டி எழுதியது:

மார்த்தாண்டம். நம்ம ஊர் தேன் தெரியாதவங்க கிடையாது. ஒய்.எம்.சி.ஏ.காரங்க 1920-களில் இங்க கிராம வேலை தொடங்கினப்போ தேனீப்பெட்டியும் வந்தது, இன்றைக்கும் எத்தனையோ குடும்பத்துக்கு அதுதான் சோறு. ரப்பர் தேன் பூவில் இருந்து வருவதில்லை என்று எத்தனை பேருக்குத் தெரியும்? ரப்பர் இலை உதிர்ந்து தளிர்க்கிற காலத்தில் இலைக்காம்பு சேருகிற இடத்தில் இனிப்பு கசியும், தேனீ அதைத்தான் எடுக்கும். அந்தச் சமயத்தில் பெட்டிகளை வண்டியில் ஏற்றிக் கேரளா ரப்பர்த் தோட்டங்களுக்குக் கொண்டுபோவார்கள். ராத்திரியில்தான் போகணும், பகலில் ஈ வெளியே இருக்கும், விட்டுவிட்டுப் போக முடியாதில்லையா. களியக்காவிளை தாண்டி வாசலை அடைத்த பெட்டிகள் ராத்திரி வண்டியில் ரீங்கரித்துக்கொண்டே போவது எனக்கு ஒரு முழுப்படம்.

பணத்தைப் பற்றி யாரும் பேசவில்லையே, நான் பேசுகிறேன். மலையாள இயக்குநர் ஜான் ஆபிரகாமும் ஒடேசா என்ற மக்கள் திரைப்பட இயக்கத்து நண்பர்களும் கோழிக்கோட்டில் இருந்து ஊர் ஊராகப் போய் ஜனங்களிடம் காசு பிரித்துத்தான் 1986-ல் ‘அம்ம அறியான்’ எடுத்தார்கள். அது கதைப்படம்தான், ஆனால் வழி நமக்கும் அதேதான். அதற்கும் முன்னால் நம்ம ஏ.கே. செட்டியார், கப்பல் ஏறி நாடு நாடாகப் போய் காந்தியைப் பற்றிய ஃபிலிம் துண்டுகளைத் தேடிச் சேர்த்து 1940-ல் படமாக வெளியிட்டார். எனக்கு எப்போதாவது சலிப்பு வந்தால் அந்த மனுஷனை நினைப்பேன். மதுரையில் அமுதன் 1998-ல் இருந்து ஆவணப்பட விழா நடத்துகிறார். எங்கள் மணவாளக்குறிச்சிக் கதிரியக்க மணலைப் பற்றியும் படம் எடுத்தவர் அவர். புற்றுநோய் வந்த வீடுகளுக்குள் போய் எடுத்தார். எங்கள் ஊரைப் பற்றி எங்களுக்கே சொல்லக் கூசிய விஷயம் அது.

---

ஆரியங்காவு மழை எழுதியது:

தேன்பெட்டி அண்ணா, அந்த ராத்திரி வண்டியில் நானும் வரட்டுமா? ஒயர் சுற்றவாவது உதவுவேன்.

எனக்கு இன்னொரு சந்தேகம். சென்சார். லாட்டரி, கள், செம்மரம், எல்லாமே சட்டத்தைத் தொடுகிற விஷயம். போட்டுக் காட்டும்போது யாராவது வந்து நிறுத்தினால்?

---

சித்தூர்ப்புழை எழுதியது:

தம்பி, எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். 1952 சினிமாட்டோகிராஃப் சட்டப்படி பொதுவில் திரையிட ஆவணப்படத்துக்கும் சான்றிதழ் வேண்டும். விழாக்களுக்கு மத்திய அமைச்சகம் விலக்கு தரும், தராமலும் போகும். 2017-ல் திருவனந்தபுரம் ஆவணப்பட விழாவுக்கு வந்த மூன்று படங்களுக்கு விலக்கு மறுத்தார்கள், விவகாரம் கோர்ட் வரை போனது. 2004-ல் மும்பை விழாவில் இந்தியப் படங்களுக்கு மட்டும் சான்றிதழ் கட்டாயம் என்றபோது நாடு முழுவதும் இருந்த ஆவணப்படக்காரர்கள் ‘விகல்ப்’ என்று ஒன்றாகச் சேர்ந்து தங்கள் படங்களைத் தனியே திரையிட்டார்கள். ஆகவே இது நமக்கு மட்டும் வந்த கஷ்டம் இல்லை. என் படத்துக்குச் சான்றிதழ் வாங்கத்தான் போகிறேன். ஏனென்றால் மரமேறிகள் சங்கக் கூட்டத்தில், லைட் போட்டு, மைக் வைத்து, பகிரங்கமாகப் போட்டுக் காட்ட வேண்டும். நாளைக்கு யாராவது வந்து தடுத்தால் அவமானப்படுவது நான் மட்டும் இல்லை, அவர்களும்தான்.

ஆனால் அதற்கு முன்னால் எடிட் முடியாத படத்தை, படத்தில் வருகிற குடும்பங்களுக்கு மட்டும் வீட்டுக்குள் போட்டுக் காட்டுவேன். வேண்டாம் என்கிற காட்சியை எடுத்துவிடுவேன். கலைஞனின் சுதந்திரம் என்று சில நண்பர்கள் இதற்குச் சண்டைக்கு வருகிறார்கள். எனக்கு அவர்களோடு உடன்பாடு இல்லை. விழாவில் படம் பார்க்கிறவர் மறுநாள் வேறு படம் பார்ப்பார். இவர்கள் அந்தப் படத்தோடு இதே தெருவில் இருக்கப்போகிறவர்கள்.

---

வேலந்தாவளம் வாத்தியார் எழுதியது:

தம்பி, நீ சொன்ன பதில்கள் எல்லாவற்றையும் ஏற்றுக்கொண்டேன் என்று சொல்லமாட்டேன். குடியைப் பற்றிய என் கவலை அப்படியே இருக்கிறது. ஆனால் குடும்பங்களுக்கு முதலில் காட்டுகிறேன் என்றாயே, அதற்காக உனக்கு உதவி செய்ய நான் தயார். எங்கள் ஊர் வாசகசாலையில் ஹால் இருக்கிறது, வெள்ளைச்சுவர் இருக்கிறது, நாற்காலிகள் உண்டு. கேரளத்தில் ஊருக்கு ஊர் வாசகசாலை இருப்பது படம் காட்டுகிறவனுக்குப் பெரிய வசதி, தமிழ்நாட்டுத் தம்பிகளுக்கு இதைச் சொல்கிறேன். செயலாளரிடம் நான் பேசுகிறேன். படம் முடிந்ததும் பேச எனக்கும் நேரம் தர வேண்டும், குடித்துக் கெட்ட வீட்டுப் பிள்ளைகளின் சார்பில் பேசுவேன்.

---

பெருமாட்டி எழுதியது:

வாத்தியார் பேசட்டும், அதற்குப் பிறகு அந்த நோட்டு வைத்திருக்கிற அக்காவும் பேசட்டும். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வையுங்கள். சாயங்காலம் வைத்தால் சமையல் வேலை இருக்கிறது என்று பெண்கள் வரமாட்டார்கள், ஆண்கள்தான் முன்வரிசையில் உட்கார்ந்திருப்பார்கள்.

---

நகரித் தறி எழுதியது:

அந்த ஞாயிற்றுக்கிழமை தேதி சொல்லுங்கள், ரேணிகுண்டாவில் ரயில் ஏறி வந்துவிடுகிறேன். கூத்து வாத்தியார் டீ குடிக்கிற காட்சியைப் போனில் எடுத்துவிட்டேன். அவரிடம் கேட்டுத்தான் எடுத்தேன். கணக்குப் பேசியதை மட்டும் வெளியில் போடவேண்டாம் என்றார், சரி என்றேன். மீதியை அனுப்பினால் பார்த்துச் சொல்வீர்களா?

---

சித்தூர்ப்புழை எழுதியது:

கட்டாயம் அனுப்புங்கள் அண்ணா. வாட்ஸ்அப்பில் வேண்டாம், படத்தைச் சுருக்கிவிடும். டிரைவில் ஏற்றி லிங்க் கொடுங்கள், இல்லையென்றால் பென்டிரைவில் கொண்டுவந்துவிடுங்கள், மூலப் பிரதியை வீட்டிலேயே வைத்துவிட்டு. ஒலியைத் தனி ஃபைலாக எடுத்திருந்தால் அதையும் சேர்த்து. தேதி ஓணம் கழித்துத்தான் இருக்கும், ஓண மாதம் மரமேறிகள் யாருக்கும் மூச்சுவிட நேரம் இருக்காது. வாத்தியார் சாரும் பெருமாட்டி அக்காவும் ஹாலை உறுதி செய்ததும் இங்கேயே எழுதுகிறேன். தேன்பெட்டி, உங்கள் ரப்பர்த் தோட்டப் பயணம் எந்த மாதம் என்று முன்கூட்டிச் சொல்லுங்கள், செங்கோட்டைத் தம்பியும் நானும் வருகிறோம்.